சாட்சிக்கு வந்த மதலேனாள்

"ஞானஸ்நானச் சீட்டுல உன் பேரு, அப்பா பேரு எல்லாம் சரியாத்தானே இருக்கு? இந்த மாசத்தோட ஐம்பத்தெட்டு வயசு முடியுது, ரிட்டயர் ஆகணும் அருளப்பா" என்றார் மில் மேனேஜர்.

"அது கைக்கொழந்தையிலயே செத்துப்போன எங்க அண்ணனோடது சார். அவன் பேரையே எனக்கும் வெச்சிட்டாங்க. எனக்கு இன்னும் ரெண்டு வருஷம் சர்வீஸ் கீது. எங்கம்மாவையே கேளுங்க."

மடுகரையிலிருந்து பஸ்ஸில் வரும் வழியெல்லாம் சொல்லிக்கொடுத்துத்தான் அம்மாவைக் கூட்டிவந்திருந்தான்.

"மூத்த புள்ள செத்துப்போச்சாம்மா?"

மதலேனாள் முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டாள்.

"இன்னா வார்த்த சார் இது? எனக்கு ஒரே புள்ள. இதோ நிக்கிறானே!"

மேனேஜர் பேனாவை மூடிவிட்டார்.

வெளியே வந்ததும் அருளப்பன் வெடித்தான். "என் வேலையே போச்சு! வயசாயி எல்லாம் மறந்துட்டியாம்மா?"

"பெத்தவளுக்கு மறக்குமாடா? போனவனே திரும்பி வந்துட்டான்னுதான் உனக்கு அந்தப் பேர வெச்சேன். செத்துட்டான்னு ஒரு நாளும் என் வாயால சொன்னதில்ல. இன்னிக்கும் வரலடா."

அருளப்பன் அவள் கையைப் பிடித்து ரோட்டைத் தாண்டவைத்தான்.

"சரி, வுடும்மா. பெரியவன் ரிட்டயர் ஆவட்டும். சின்னவன் நான் வூட்ல உங்கூடவே இருந்துடறேன்."