பத்தாம் நம்பர் ஜெர்சி

ஒட்டி வைத்திருந்த அட்டைப்பெட்டியைப் பிரித்து, பத்தாம் நம்பர் ஜெர்சியின் கழுத்தில் கத்தரியை வைத்தாள் வேல்விழி. சூப்பர்வைசர் சிவராஜ் பார்த்துவிட்டார்.

இந்தியப் பெண்கள் ஜூனியர் கால்பந்து அணிக்குப் போகிற பெட்டி அது. வேல்விழியின் மகளுக்கு வரவேண்டிய பத்தாம் நம்பர், கடைசி செலக்‌ஷனில் கீதாஞ்சலி என்ற பெண்ணுக்குப் போய்விட்டது. பனியன் கம்பெனி முழுக்கத் தெரிந்த சங்கதி.

“ஏனுங்க, உங்க புள்ளைக்குக் கிடைக்கலைன்னு அந்தப் புள்ள சட்டையக் கிழிச்சுப் போடுவீங்களா?”

“கிழிக்கல சார். கழுத்து லேபிளத்தான் எடுக்கேன். அது தோல்ல பட்டா கீதாஞ்சலிக்குத் தடிச்சிரும். சொறிஞ்சுக்கிட்டே எப்படி ஆடுவா?”

“அது உங்களுக்கு எப்படிங்க தெரியும்?”

“கேம்ப்ல ரெண்டு பேரும் ஒரே ரூம்லதான் இருந்தாக. எம் மகதான் போன் பண்ணி எடுக்கச் சொன்னா.”

சிவராஜின் குரல் இறங்கியது. “உங்க புள்ளைக்குப் பெரிய மனசுங்க.”

“மனசெல்லாம் ஒண்ணுமில்ல சார்.” வேல்விழி லேபிளைக் கத்தரித்து எடுத்தாள். “கீதாஞ்சலி சொதப்பிக் கெடைக்கிற எடம் எம் மகளுக்கு வேண்டாமாம். அவள நல்லா ஆட விட்டுத்தான் அந்தப் பத்தாம் நம்பரப் பிடிக்கணுமாம்.”