இரண்டு பட்டைகள்

தீபாவளிச் சண்டைக்குப் பிறகு பேச்சே இல்லாதிருந்த அண்ணனும் கணவரும் ஒரே வண்டியில் வந்து இறங்கியபோதே பூங்கோதைக்கு உறுத்தியது. அப்பா விட்டுப்போன சதுர மனையைப் பாகம் பிரிக்க, அண்ணன் தணிகாசலம் குச்சியால் மண்ணில் ஒரு கட்டம் போட்டார். அதற்குள் ஒரு மூலையில் பெரிய சதுரம், எதிர்மூலையில் சின்னது. "பெருசு எனக்கு, சின்னது உனக்கு. முடிஞ்சுது." மற்ற இரண்டு மூலைகளிலும் நீளமாக இரண்டு பட்டைகள் யார் பேரும் இல்லாமல் கிடந்தன. பூங்கோதைக்கு அந்தப் படம் புதிதல்ல. கணவர் பரமகுரு கணக்கு வாத்தியார். (a+b)² என்றால் என்னவென்று காட்ட, வீட்டுக்கு வரும் டியூஷன் பிள்ளைகளுக்கு இதைத்தான் வரைவார். யாராவது a², b² இரண்டை மட்டும் எழுதி 2ab-ஐ விட்டுவிட்டால் நோட்டைத் தூக்கி எறிவார். "ரெண்டு பட்டையை எவன்டா முழுங்கினான்?" என்று அவர் கத்துவது சமையலறை வரை கேட்கும். இன்று அவர் படத்தை நிதானமாகப் பார்த்துவிட்டு, "கணக்கு சரியா இருக்கு மச்சான்" என்றார்.

"அந்த ரெண்டு பட்டை யாருக்குண்ணே?" என்று கேட்டாள் பூங்கோதை.

அண்ணன் பரமகுருவைப் பார்த்தார். அவர் செருப்புக் காலால் படத்தை அழித்துக்கொண்டிருந்தார்.