பொன்னி ஒரு பாத்திரம்

தவமணியின் கடனுக்காக அவள் வீட்டுச் சமையல் இயந்திரம் பொன்னியை ஏலம் விடச் சொல்லி கோர்ட்டு உத்தரவிட்டது. தவமணிக்கு வெந்நீர் வைக்கக்கூடத் தெரியாது. ஓடிப்போய் ஆட்சேபணை மனுப் போட்டாள்.

"சமையல் பாத்திரத்த ஜப்தி பண்ணக்கூடாதுன்னு சட்டம் இருக்குங்கய்யா. இதுவும் பாத்திரந்தான்."

"நாலு பாஷை பேசுது. அடுத்தவங்க குழம்புக்குக் குத்தம் சொல்லுது. இதுவா பாத்திரம்?" என்றார் எதிர்த்தரப்பு வக்கீல்.

நீதிபதி பொன்னியைப் பார்த்தார். "நீயே சொல்லும்மா."

'வாயத் திறந்துராதடி' என்று தவமணி வீட்டிலேயே கெஞ்சி அழைத்து வந்திருந்தாள். பொன்னி பேசவில்லை. வக்கீல் விடாமல் தன் டிபன் பாக்ஸைத் திறந்து அதன் மூக்கருகே நீட்டினார். அடிப்பிடித்த புளிக்குழம்பு. பொன்னியின் கண்விளக்குகள் படபடத்தன. ஆனாலும் குண்டான் மாதிரி நின்றது.

"பாத்திரமேதான். ஏலம் ரத்து," என்றார் நீதிபதி.

வீட்டுக்கு வந்ததும் தவமணி பொன்னியைக் கட்டிக்கொண்டாள். "பசி உயிர் போகுதுடி. சூடா ஒரு ரசம் வையி."

பொன்னி அசையவில்லை.

"என்னடி?"

"பாத்திரம் எங்கயாச்சும் ரசம் வைக்குமாக்கா? நீங்கதான் வைக்கணும். வச்சு முடிச்சதும் என்னையக் கழுவிக் கவுத்திருங்க."