அவுக பேரு

அவள் சொல்லிவிட்டாள்.

சொன்ன பிறகுதான் நாக்கு கூசியது. முந்தானையால் வாயைத் துடைத்துக்கொண்டாள்.

கல்யாணமாகிப் பத்தொன்பது வருஷத்தில் புருஷன் பெயரை அவள் வாயால் சொன்னதில்லை. ரேஷன் கடையில் கேட்டால் அட்டையை நீட்டுவாள். ஆஸ்பத்திரியில் கேட்டால், துணைக்கு வந்தவள் சொல்வாள். அவன் செத்த அன்று போலீஸ் ஸ்டேஷனில் கேட்டபோதுகூடக் கொழுந்தன்தான் சொன்னான்.

இன்று குவாரிப் பள்ளத்தின் ஓரம் உட்கார்ந்து, கேமராவைப் பார்த்து அவளே சொன்னாள்.

அவன் சாவைப் பற்றிப் படம் எடுக்க வந்த தம்பி காதிலிருந்து ஹெட்போனைக் கழற்றினான்.

"நல்லா சொன்னீங்கக்கா. ஆனா சரியா அந்த நேரம் பாத்து லாரி போயிடுச்சு. பேரு விழவே இல்ல. இன்னொரு தடவை சொல்லிடுங்க."

இன்னொரு தடவையாம். குடிக்கத் தண்ணீர் கேட்கிற மாதிரி கேட்கிறான்.

பல்லைக் கடித்துக்கொண்டாள். சொல்லித்தான் ஆக வேண்டும்.

வெடி வைக்கப் பாறையில் குழி போட்டுக்கொண்டிருந்தவன் மேல் பாறை சரிந்தது. அன்று சாயங்காலமே குவாரி முதலாளி கை கூசாமல் எழுதிக் கொடுத்துவிட்டான். அப்படி ஒரு ஆள் இங்கே வேலை பார்த்ததே இல்லை. ஆடு மேய்க்க வந்தவன் தவறி விழுந்திருக்கிறான். போலீஸும் அதையே எழுதிக்கொண்டது.

வீட்டில் ஒரு ஆட்டுக்குட்டிகூடக் கிடையாது.

மறுபடியும் சொன்னாள்.

மறுபடியும் லாரி. ஜல்லியை ஏற்றிக்கொண்டு ஹாரனை அமுக்கியபடியே போனது. ஆளைத்தான் தின்றார்கள், பெயரையுமா தின்ன வேண்டும் பாவிகள்?

"லாரி ஓயாதுக்கா. விடுங்க. பேரைப் படத்துக்குக் கீழ எழுத்துல போட்டுக்கலாம்."

"எழுத்துலதான தம்பி அவுகள ஆடு மேய்க்கிறவராக்குனாங்க?"

அவன் தலையைச் சொறிந்தான்.

"அப்ப உங்க வீட்டுல வச்சு எடுத்துக்கலாமா? அங்க சத்தம் இருக்காது."

வீட்டில் உட்கார்ந்து யார் வேண்டுமானாலும் எதையும் சொல்லலாம். அவள் சொல்லும்போது பின்னால் இந்தப் பள்ளம் தெரிய வேண்டும். அது இந்த மரமண்டைக்கு ஏறவில்லை.

எழுந்தாள். மைக் சேலையிலேயே இருந்தது.

நேராகப் போய் ரோட்டின் நடுவில் நின்றாள்.

அடுத்த லாரி கிரீச்சிட்டு, அவளுக்கு ஒரு முழம் முன்னால் நின்றது. புழுதி அடங்கியதும் டிரைவர் தலையை நீட்டினான். வெளியூர்க்காரன். வாரத்துக்கு ஒரு தடவை லோடு எடுக்க வருகிறவன்.

"சாகுறதுக்கு என் வண்டிதான் கெடச்சுதா?"

"வண்டிய அணைங்க."

அவன் அவள் முகத்தைப் பார்த்தான். சாவியைத் திருப்பினான். பின்னால் வந்த இரண்டு லாரிகளும் நின்றன. என்ன ஏதென்று தெரியாமல் அவற்றின் டிரைவர்களும் அணைத்தார்கள்.

அந்த இடத்தில் அவள் அப்படியொரு அமைதியைக் கேட்டதே இல்லை.

குவாரி ஆபீஸிலிருந்து மேனேஜர் ஓடி வந்தான். தம்பி அவசரமாக ஹெட்போனை மாட்டிக்கொண்டு கேமராவை ரோட்டுப் பக்கம் திருப்பினான்.

அவள் கேமராவைப் பார்க்கவில்லை. மேனேஜரைப் பார்த்தாள்.

"எம் புருசன் பேரு வெள்ளக்கண்ணு."

நாக்கு கூசவில்லை.

மேனேஜர் வாயைத் திறப்பதற்குள் லாரிக் கதவு திறந்தது. டிரைவர் கீழே குதித்தான்.

"யாரு, இங்க வெடிக்குழி போடுற வெள்ளக்கண்ணு அண்ணனா?" என்றான். "எங்க போனாருக்கா, ரெண்டு மாசமா ஆளையே காணோம்?"