நான்கு விரற்கடை

சகலமானவர்களுக்கும் அறிவிப்பது என்னவென்றால், குதிரைப் படங்களின் மாவீரன் 'சாட்டை' சந்திரகாந்தன் தம் வாழ்நாளில் ஒரே ஒருமுறை நிஜமான நியாயத்துக்காகக் கை ஓங்கினார். படப்பிடிப்பு நடந்த கரட்டுக்காட்டில் இருளாயி என்பவள் அவர் காலைப் பிடித்துக்கொண்டதால் வந்தது அது. அவளுடைய கிணற்றை மூக்கையன் என்ற ரவுடி வேலி போட்டு வளைத்துக்கொண்டிருந்தான்.

"நேத்து அம்புட்டுப் பேர ஒத்தையில அடிச்சீகளே, அதுவும் திரும்பத் திரும்ப! இவன் ஒருத்தன்தானய்யா?"

கண்ணால் பார்த்தவளிடம் எப்படி மறுப்பது? தொப்பியும் தோட்டாப் பட்டையுமாகக் கிணற்றடிக்குப் போனார். ஊரே பின்னால் போனது. மூக்கையன் எழுந்து நின்றான். சந்திரகாந்தன் சுழன்று ஒரு குத்து விட்டார்.

சினிமாவில் குத்து தாடைக்கு நான்கு விரற்கடை முன்னால் நின்றுவிட வேண்டும். விழுவது எதிராளியின் வேலை. பழகிய கை, சரியாக அங்கே நின்றது. மூக்கையன் விழுவதற்காக அவர் காத்திருந்தார்.

மூக்கையனும் காத்திருந்தான். "அடிங்கண்ணே," என்றான், மரியாதையாகவே.

நிஜமாக அடிப்பதை அவருக்கு யாரும் சொல்லித்தந்ததில்லை.

இருளாயிக்குத்தான் மனசு கேட்கவில்லை. நாலு நாளாக ஷூட்டிங் பார்த்தவள் அல்லவா? கிட்டே வந்து, மற்றவர் காதில் விழாமல் சொன்னாள்: "பரவால்ல சாமி. இன்னொரு டேக் எடுங்க."

அவர் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார்.

கிணறு இன்னும் மூக்கையனிடம்தான் இருக்கிறது.