இருபது படிக் கணக்கு

றிஷ்னா டெங்குக் காய்ச்சலில் மௌத்தாகி, அடக்கம் முடிந்து நாற்பது நாள் கழிந்தும் அவளுடைய கணிதக் கொப்பி மாம்புரி வீட்டில் மேசையிலேயே கிடந்தது. உள்ளே இருக்கும் சார்பின் விடையைக் கண்டு, அதை வெளியே இருக்கும் சார்பில் போடும் பயிற்சி. g(3) = 7 என்பதோடு அவள் நிறுத்தியிருந்தாள்.

ஒரு நாள் நண்பகலில் ளுஹர் தொழுதுவிட்டு வந்த உம்மா அஸீஸா, அடுத்த வரியைக் கண்டாள். f(7) = 15. மகளின் கையெழுத்து. மை காயவில்லை. அதன்பின் நாளுக்கு ஒரு வரி வந்தது.

பயிற்சியில் ஒரே ஒரு கணக்கு மிஞ்சியபோது, அஸீஸா கொப்பியோடு ஸுஹைரா டீச்சரிடம் போனாள்.

“டீச்சர், கனநாள் போற மாதிரி ஒரு கணக்குத் தாங்களேன். புள்ள நாளுக்கு ஒரு வரியா செய்யட்டும்.”

டீச்சர் புதிய வரிகளைத் தடவிப் பார்த்தார். f-க்குள் g, அதற்குள் f என்று இருபது அடுக்கு எழுதினார்.

“உள்ளுக்குள்ளதில இருந்து ஒவ்வொன்டா வெளிய வரணும். இருவது நாள் போகும், ராத்தா.”

அன்றைக்குத்தான் அஸீஸா வயிறாறச் சாப்பிட்டாள்.

மறுநாள் ளுஹருக்குப் பின் கொப்பியைத் திறந்தாள். இருபது வரியும் முடிந்திருந்தது. கடைசி விடைக்குக் கீழே றிஷ்னா அடிமட்டம் வைத்து, நேராக, கணக்கு முடிந்ததும் போடும் இரண்டு கோட்டை இழுத்திருந்தாள்.