சம்பளக்காரத் தம்பி

சாட்சிக் கூண்டில் ஏறிய நாத்தனாரைப் பார்க்கப் பிடிக்காமல் நித்யஸ்ரீ முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

"எங்க கல்யாணத்துல இணைச்சீர் செஞ்ச மகராசி மேடம் இவ" என்று வக்கீல் நான்சியின் காதில் கிசுகிசுத்தாள்.

நான்சி சேலத்துக் கிறிஸ்தவப் பெண். "இணைச்சீருன்னா?"

"மாப்பிள்ளைக்குக் கூடப் பொறந்தவ செய்யற சீருங்க. அது நடக்காம எங்காளுங்கள்ல தாலி ஏறாது. அன்னைக்கு அப்படி நின்னவ, இன்னைக்கு எம்புள்ளைங்க வாயில மண்ணைப் போட வந்து நிக்கறா."

சங்கதி இதுதான். பூபதி தன் மனைவியையும் இரண்டு பெண் பிள்ளைகளையும் வீட்டைவிட்டு அனுப்பி இரண்டு வருஷம் ஆகிறது. நித்யஸ்ரீ பள்ளிபாளையத்தில் அம்மா வீட்டில் இருந்துகொண்டு தறிக்குப் போகிறாள். ஜீவனாம்சம் கேட்டு மனுப் போட்டாள். மூத்தவள் இனியா இனிமேல் பள்ளிக்கூடம் போவதா, அம்மாவோடு தறிக்கு வருவதா என்பது அந்த மனுவில்தான் இருந்தது.

மனுப் போட்ட சேதி காதில் விழுந்த மறுவாரமே பூபதி தன் முட்டைக்கோழிப் பண்ணையை அக்கா சண்முகப்பிரியா பேருக்குக் கிரயம் எழுதிவிட்டான். "அக்கா பண்ணையில நான் சம்பளத்துக்கு இருக்கறவனுங்க" என்று கோர்ட்டில் கைகட்டி நின்றான். அதற்குச் சாட்சி சொல்லத்தான் அக்கா வந்திருந்தாள்.

போன மாசம் நித்யஸ்ரீ நாத்தனார் வாசலுக்கே போய்க் கெஞ்சிப் பார்த்தாள். "நங்கையா, புள்ளைங்க முகத்தைப் பாருங்க."

"எதா இருந்தாலும் கோர்ட்டுல பேசிக்கலாம், போ" என்று கேட்டைச் சாத்திவிட்டாள் மகராசி.

பூபதியின் வக்கீல் எழுந்தார். "பண்ணை யாரு பேருலம்மா இருக்கு?"

"எம்பேருலதானுங்க. பத்திரம் இருக்குது."

"பூபதிக்கு அங்க என்ன வேலை?"

"தீவனம் கலக்கறது, முட்டை லோடு ஏத்தி உடறதுங்க."

"சம்பளம்?"

"பன்னண்டாயிரம்னு ரிஜிஸ்டர்ல இருக்குதுங்க."

பூபதி மீசைக்குள் சிரித்தான்.

நித்யஸ்ரீ நான்சி பக்கம் குனிந்தாள். "இதுல எங்களுக்கு என்ன மேடம் வரும்?"

"மிஞ்சிப்போனா நாலாயிரம்" என்றாள் நான்சி, தலையைத் தூக்காமல்.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். "ஏம்மா, அந்தப் பொண்ணுங்களுக்கு நீங்க அத்தைதானே? மாசாமாசம் இவர் சம்பளத்துல புடிச்சு அவங்களுக்கு அனுப்பச் சொன்னா அனுப்புவீங்களா?"

"முடியாதுங்க ஐயா."

கோர்ட்டே திரும்பிப் பார்த்தது.

"ஏன் முடியாது?"

"அவன் எங்கிட்ட வேலைக்கு இல்லீங்க. இன்னைக்குக் காலையில இருந்து நிறுத்திப்போட்டேன்."

அந்த நாலாயிரமும் போச்சு! ஒரு மனுஷிக்கு இத்தனை கல்நெஞ்சா? நித்யஸ்ரீ பெஞ்சைப் பிடித்துக்கொண்டாள்.

பூபதியின் சிரிப்பும் பாதியில் நின்றது. "அக்கா, என்ன பேசற?"

அவள் தம்பி பக்கமே திரும்பவில்லை. "பண்ணையையும் வித்துப்போடறனுங்க ஐயா. மேச்சேரிக்காரர் ஒருத்தர் வெலை பேசிட்டார். நாளான்னைக்குப் பத்திரம். அந்தப் பணத்துல எம்பையனுக்கு லாரி எடுத்துக் குடுக்கறேன்."

"யாரு பண்ணையை யாரு விக்கறது?"

பூபதி போட்ட சத்தத்தில் வராந்தாவில் நின்றவர்கள் எட்டிப் பார்த்தார்கள்.

"ஐயா, அது என்ற பண்ணைங்க! நாப்பதாயிரம் கோழி, அத்தனையும் நான் சம்பாதிச்சது! இவ ஒத்தை ரூவா போடலீங்க! கேஸ் முடியற வரைக்கும் பேருக்குத்தான் இவ மேல எழுதி வெச்சேன்!"

வக்கீல் அவன் சட்டையைப் பிடித்து இழுத்தார். அதற்குள் எல்லாம் வாயைவிட்டு வெளியே வந்திருந்தது. சொன்னது என்னவென்று புரிந்ததும் பூபதி முகம் வெளுத்துப்போனான்.



"அவர் சொன்னதை ஒரு வார்த்தை விடாம டைப் பண்ணுங்க" என்றார் நீதிபதி. பிறகு கூண்டைப் பார்த்தார். "நீங்க இறங்கலாம்மா."

சண்முகப்பிரியா இறங்கவில்லை. அப்போதுதான் முதல்முறையாக நித்யஸ்ரீயை நேராகப் பார்த்தாள். கண் நிறைந்திருந்தது.

"பண்ணை அவனுதுன்னு நான் சொன்னா, பத்திரம் என்னையத்தாங்க பொய்யின்னு சொல்லும். அதனால அவன் வாயால வரோணும்னு இருந்தேன். சத்தியம் பண்ணிப்போட்டுப் பண்ணையை விக்கறேன்னு பொய் சொன்னதுக்கு என்ன தண்டனையோ எனக்குக் குடுங்க ஐயா. புள்ளைங்களுக்குச் சேர வேண்டியதை மட்டும் அவங்கிட்ட வாங்கிக் குடுத்துருங்க."